அண்ணையின் நாடகத்தில் நான் பார்க்காத பாதி

அண்ணையின் மகன் டெலிபோன் எடுத்து, "மாமி, ஆண்டுத் திவச மலருக்கு அப்பாவைப் பற்றி நீங்கள்தான் எழுதவேணும். ஒரு பக்கம் காணும்" என்றார். ஒரு பக்கத்துக்குள் அடங்காது என்று அவருக்கும் தெரியும். நான் ஐந்தாம் வகுப்போடு நிற்பாட்டியவள். எழுத்துப் பிழைகளை என் மகள் திருத்தியிருக்கிறாள். விஷயத்தில் அவள் கை வைக்கவில்லை. வைக்க நான் விடவும் இல்லை.

இதை எழுத எனக்கு ஏழு கிழமை சென்றது. இரண்டு வரி எழுதினால் எழும்பி நடக்கவேண்டும் போல் இருக்கும். குசினிக்குப் போய்க் கேத்திலைப் போடுவேன். தேத்தண்ணி ஊற்றாமலே திரும்பி வருவேன். அண்ணை உயிரோடு இருந்தபோது உங்கள் எல்லோருக்கும் முன்னால் நான் சொல்லவேண்டிய ஒன்று இருந்தது. அதைச் சொல்லாமலே அவரை அனுப்பிவிட்டேன். இந்த ஒரு வருடமாக ஒரு கதிரையிலும் ஆறுதலாக இருக்க முடியவில்லை. அதை இதில் சொல்லுகிறேன். ஆனால் முறை என்று ஒன்று இருக்கிறது. முதலில் அவருடைய பிறப்பில் இருந்து வருகிறேன்.

அண்ணை பருத்தித்துறைப் பக்கம் பிறந்தவர். தாய் தகப்பனுக்கு மூத்த பிள்ளை. அவருக்கு மூன்று வருடத்துக்குப் பிறகு நான். வேறு பிள்ளைகள் இல்லை. அண்ணை படித்தார். பஸ் டிப்போவில் நேரம் பதிகிற வேலை எடுத்தார். பஸ் நாலு நிமிடம் பிந்தி வந்தால், டிரைவர் இறங்கி வருகிற நடையைப் பார்த்தே காரணத்தைச் சொல்லிவிடுவாராம். பேச்சுக் குறைவு. ஆட்களைப் பார்த்துக்கொண்டிருப்பதுதான் அவருக்குப் பொழுதுபோக்கு. ஊரில் இருந்த காலத்தில் அவர் ஒரு மேடையும் ஏறியதில்லை. கோயில் திருவிழாவில் ஒலிபெருக்கியில் அறிவித்தல் சொல்லக் கூப்பிட்டால்கூட வேலியால் பாய்ந்து போய்விடுவார்.

எனக்குக் கல்யாணம் பேசியபோது அம்மாவின் வீட்டைச் சீதனமாக எழுதினார்கள். பக்கத்து வளவுக் காணி அண்ணைக்கு வரவேண்டியது. மாப்பிள்ளை பகுதி அதையும் கேட்டது. அண்ணை ஒரு கேள்வியும் கேட்காமல் கையெழுத்துப் போட்டார். இதை ஏன் சொல்லுகிறேன் என்பது போகப் போக விளங்கும்.

நானும் என் கணவரும்தான் முதலில் லண்டனுக்கு வந்தோம். ஊரில் பிரச்சினை கூடியபோது அண்ணையும் அவர் மனைவியான என் மச்சாளும் கைக்குழந்தையோடு வந்து சேர்ந்தார்கள். மனோர் பார்க்கில் எங்கள் வாடகை வீட்டில் அப்போது ஒன்பது பேர். சமையல் முழுக்க என் கையில். சொதிக்கு எவ்வளவு தண்ணீர் விட்டால் ஒன்பது பேருக்குக் காணும், எந்தக் கடையில் எந்த நேரம் போனால் மரக்கறி மலிவாகத் தருவார்கள் என்பதெல்லாம் எனக்குப் பாடம். என்னைக் கசவாரம், கஞ்சம் பிடித்தவள் என்று சொன்னார்கள். எனக்கு அதில் ஒரு வெட்கமும் இருக்கவில்லை. என் வீட்டில் ஒருவரும் பசியோடு படுக்கவில்லை.

வேலை செய்யலாம் என்று கடிதம் வந்த அடுத்த நாளே அண்ணை பக்கத்து இடமான ஃபாரஸ்ட் கேட்டில் ஒரு குஜராத்திக்காரரின் பலசரக்குக் கடையில் மூட்டை தூக்கச் சேர்ந்தார். ஆறு மாதத்தில் வாடிக்கையாளரோடு குஜராத்தியில் கதைக்கத் தொடங்கிவிட்டார். கடை முதலாளியின் மனைவி ஹன்சாபென். அவர் தங்கள் ஆட்களைச் சேர்த்து வருடத்துக்கு ஒரு நாடகம் போடுகிறவர். எழுதுவதும் அவர்தான், பழக்குவதும் அவர்தான். ஞாயிற்றுக்கிழமைகளில் கடையைப் பூட்டிவிட்டுப் பின்பக்கத்தில் பருப்பு மூட்டைகளுக்கு நடுவில் ஒத்திகை நடக்கும்.

எல்லாம் சிரிப்பு நாடகங்கள். ஒரே வீட்டுக்குள் நடக்கும். தகப்பனின் சொத்துக்கு மகன்மார் பிடுங்குப்படுவார்கள், மருமகள்மார் கதவுக்குப் பின்னால் நின்று ஒட்டுக் கேட்பார்கள், கடைசியில் வீட்டில் வயதுபோன ஆள் ஒருவர் எல்லோருக்கும் நல்ல பாடம் படிப்பிப்பார். "எங்கடை சனத்தின்ரை கதைதான், பாஷை மட்டும் வேறை" என்று அண்ணை சொல்லுவார்.

முதலில் சோஃபா தூக்கி வைத்தார். பிறகு திரை இழுத்தார். பிறகு மறைவில் நின்று வசனம் எடுத்துக் கொடுக்கத் தொடங்கினார். அதற்காகவே அந்த எழுத்தையும் படித்தார். நடிக்கிறவர் மறந்துபோனார் என்று அவருக்கே தெரியவருவதற்கு முதல் அண்ணை அந்தச் சொல்லைக் கொடுத்துவிடுவாராம். இருபது வருடத்துக்கு மேல் அந்த வேலை செய்தார், சம்பளம் இல்லாமல். யாழ்ப்பாணத்து ஆள் குஜராத்திக்காரருக்குக் குஜராத்தி எடுத்துக் கொடுக்கிறார் என்று நானே கோயிலில் பெருமை அடித்திருக்கிறேன்.

அண்ணைக்கு எழுபது தாண்டிய பிறகுதான் அந்த நாடகம் வந்தது. நாடகத்தில் வருகிற வீட்டுக்காரருடைய தமக்கையாக நடிக்க இருந்த பெண்மணி காலை முறித்துக்கொண்டார். நாடகத்துக்கு மூன்று கிழமை. முழு வசனமும் பாடமாக இருந்த ஒரே ஆள் அண்ணை. ஹன்சாபென் சேலையைக் கையில் கொடுத்துவிட்டார். குஜராத்தி முறையில் தகப்பனின் சகோதரியை ஃபைபா என்பார்கள். அண்ணை ஃபைபா ஆனார்.

அந்த வருடம் எனக்கும் அண்ணைக்கும் ஒரு மனஸ்தாபம் இருந்தது. ஊரில் என் சீதன வீட்டில் எங்கள் சின்னம்மாவின் மகள், புருஷன் இல்லாதவள், பிள்ளைகளோடு இருந்தாள். நான் அந்த வீட்டை விற்க நினைத்தேன். "அவள் எங்கை போவாள்? கொஞ்சம் பொறு பிள்ளை" என்றார் அண்ணை. என் வீட்டைப் பற்றி அவர் ஏன் கதைக்கிறார் என்று எனக்கு உள்ளுக்குள் கிடந்து அரித்தது. என்றாலும் நாடகத்துக்கு அழைத்தபோது முதல் தடவையாகப் போனேன். என்னோடு சேர்த்து என் வயது ஆட்கள் பன்னிரண்டு பேர், ஹரோவில் ஒரு மண்டபம், ஞாயிறு பின்நேரம், முன் வரிசை.

திரை திறந்தது. மகன்மாரும் மருமகள்மாரும் ஏதோ வாக்குவாதம். உள்ளே இருந்து வெளிர்ச் சேலை கட்டிய ஒரு கிழவி வந்தார். தலைப்பு வலது தோளால் முன்னுக்கு விழுந்திருந்தது. அது அண்ணை என்று தெரிய எனக்குக் கொஞ்ச நேரம் எடுத்தது. தெரிந்ததும் சிரித்தேன். அந்த மண்டபத்தில் முதலில் சிரித்தவள் நான்தான்.

கிழவி, மருமகள் வாங்கி வந்த வெண்டிக்காயை மேசையில் கொட்டி, ஒவ்வொன்றாக நுனியை முறித்துப் பார்த்தார். முறியாத முற்றலைக் கண்ணுக்கு நேரே பிடித்துப் பேசினார். வெறும் பிளாஸ்டிக் பையை நீவி, முக்கோணமாக மடித்து, இடுப்பில் செருகினார். கதிரையில் இருந்ததும் முழங்காலில் இரண்டு தட்டு. சபை விழுந்து விழுந்து சிரித்தது. என் பக்கத்தில் மோர்டன் மச்சாள் இருந்தார், என் கணவரின் தங்கை. அவர் மேடையைப் பார்க்கவில்லை. என் முழங்காலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"மச்சாள், உது ஆரைப் போல கிடக்குது?" என்று காதுக்குள் கேட்டார்.

"ஒருத்தரைப் போலவும் இல்லை. பேசாமல் பாருங்கோ."

"இல்லை, அந்தப் பையை மடிக்கிற விதம்..."

"பாருங்கோ எண்டு சொன்னனான்."

மகன்மார் ஒருவருக்கு ஒருவர் தெரியாமல் வந்து கிழவிக்குச் சேலை கொடுத்தார்கள், இனிப்புப் பெட்டி கொடுத்தார்கள், காப்புக் கொடுத்தார்கள். எல்லாவற்றையும் வாங்கினார். சாப்பாட்டுத் தட்டைக் கொண்டுவந்து நீட்டினார்கள். அண்ணை இடது கையால் தலைப்பைப் பிடித்துக்கொண்டு வலது புறங்கையால் தட்டைத் தள்ளி, உபவாசம் என்பது போல ஒரு சொல் சொன்னார். சபை சிரித்தது. அடுத்த காட்சியிலும் தட்டு வந்தது, அதே புறங்கை, இன்னும் பெரிய சிரிப்பு. மூன்றாம் தரம் தட்டு வருவதற்கு முதலே சிரிக்கத் தொடங்கிவிட்டார்கள்.

ஒன்பது பேருக்குச் சோறு போட்ட காலத்தில் கிழமையில் மூன்று நாலு தரம் நான் சொன்ன சொல் அது. "எனக்கு இண்டைக்கு விரதம், நீங்கள் சாப்பிடுங்கோ." என்ன விரதம் என்று ஒருவரும் கேட்டதில்லை. என் கணவரும் கேட்டதில்லை. என் புறங்கைகூட அப்படித்தான் தள்ளும். அதை முந்நூறு பேருக்கு முன்னால் வைத்துச் சிரிக்கிறார்கள், என் கூடப்பிறந்தவர் சேலை கட்டிக்கொண்டு நின்று சிரிக்க வைக்கிறார்.

கடைசியில் கிழவி எல்லாவற்றையும் அலுமாரியில் வைத்துப் பூட்டி, அலுமாரியில் சாய்ந்து நின்று சிரித்தார். திரை விழுந்தது. வெளிச்சம் போட்டார்கள். வெளியே மேசைகளில் உருளைக்கிழங்கு வடையும் சட்னியும் தேத்தண்ணியும் அடுக்கியிருந்தது.

எங்கள் ஆட்களின் பழக்கம் உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை. கல்யாணமோ அரங்கேற்றமோ, சாப்பாடு தந்தால் அலுவல் முடிந்தது. சாப்பிட்டுக் கை கழுவினால் கோட்டைப் போட்டுக்கொண்டு காருக்குப் போகிறதுதான். குஜராத்திக்காரர் நாடகத்தின் நடுவில் சாப்பாடு போடுவார்கள் என்று பன்னிரண்டு பேரில் ஒருவருக்கும் தெரியாது. மற்றச் சனம் நின்று கதைத்துக்கொண்டிருந்தது. ஞாயிற்றுக்கிழமைதானே, ஆறுதலாகப் போவார்கள் என்று நினைத்தோம். சாப்பிட்டோம். வந்துவிட்டோம்.

பேராசை பிடித்த கிழவி அலுமாரியைப் பூட்டிவிட்டுச் சிரிப்பதோடு நாடகம் முடிகிறது. நான் கண்டது அதுதான்.

அன்று பொழுதுபடுகிற நேரம் அண்ணை டெலிபோன் எடுத்தார். "என்ன பிள்ளை, ஒருத்தரும் நிக்கேல்லை?"

"அண்ணை, வீட்டிலை பங்கு வேணுமெண்டால் என்னட்டைக் கேட்டிருக்கலாம். குஜராத்திக்காரரிட்டை என்னை வித்துச் சிரிக்கத் தேவையில்லை."

நான் வைத்துவிட்டேன்.

அதோடு விட்டிருந்தால் அது எங்கள் இரண்டு பேருக்குள் நின்றிருக்கும். நான் விடவில்லை. இந்த மலரை வைத்திருக்கிற உங்களில் பாதிப்பேருக்கு நானே சொன்னேன். கோயிலில் சொன்னேன், பார்க்கிங் என்கிற ஊரில் ஒரு பிள்ளை பெரியபிள்ளையான சாமத்திய வீட்டில் சொன்னேன், டெலிபோனில் கனடாவுக்கும் சொன்னேன். அண்ணை சொத்துக்கு ஆசைப்பட்டு, கிடைக்காத கோபத்தில், குடும்ப மானத்தைக் கூத்தாக்கினார் என்று சொன்னேன். மோர்டன் மச்சாள் சாட்சி சொன்னார். மச்சாள் இதை வாசிப்பார். வாசிக்கட்டும். கதையைத் தொடங்கியவள் நான், அவர் அல்ல.

நீங்கள் என்னை நம்பினீர்கள். அண்ணையின் மகனுக்குக் கல்யாணம் வந்தது. மோர்டனில் இருக்கிற என் கணவரின் பகுதியில் ஒரு வீடும் போகவில்லை. நானும் போகவில்லை. மாப்பிள்ளையின் மாமியாக நான் நின்று ஆலாத்தி எடுக்கவேண்டிய இடத்தில் ஹன்சாபென் நின்று எடுத்தாராம். எங்கள் ஆட்களுக்குப் போட்ட கதிரைகளில் நாடகக்காரர்கள் வந்து இருந்தார்களாம். அடுத்த வருடம் அண்ணையின் மனைவி காலமானபோது போனேன். பெட்டிக்குப் பக்கத்தில் நின்றேன். அண்ணையின் முகத்தைப் பார்க்காமல் வந்தேன்.

அப்படியே ஆறு வருடம்.

ஒரு நாள் வெம்பிளியில் என் மகளோடு மரக்கறிக் கடைக்குப் போனேன். வெண்டிக்காய்ப் பெட்டிக்கு முன்னால் நின்று என் பாட்டில் முறித்துக்கொண்டிருந்தேன். ஒரு முற்றலைப் பார்த்து இரண்டு சொல் சொல்லியிருக்கவும் கூடும். பக்கத்தில் நின்ற ஒரு குஜராத்திப் பெண், நாற்பது வயது இருக்கும், என்னையே பார்த்துக்கொண்டு நின்றார். நான் பையை மடித்து இடுப்பில் செருகினேன். அவர், "ஃபைபா!" என்று கத்திக்கொண்டு குனிந்து என் காலைத் தொட்டார்.

"என்னடி உது? ஆரிவ?" என்று மகளைக் கேட்டேன்.

மகள் அவரோடு இங்கிலீஷில் கதைத்தாள். "அம்மா, ஒரு நாடகத்திலை வாற மாமி மாதிரி அச்சொட்டா இருக்கிறியளாம். மாமியாரோடை மூண்டு தரம் போய்ப் பாத்தவவாம்."

"எனக்குத் தெரியும் அந்த நாடகம். காணாததைக் கண்டு பூட்டி வைக்கிற கிழவி. வா போவம்."

மகள் அதையும் சொல்லிவிட்டாள். அந்தப் பெண்ணின் முகம் மாறியது. பெட்டியைச் சுற்றி வந்து என் கையைப் பிடித்தார். இல்லை, இல்லை என்று தலையை ஆட்டி ஆட்டி மகளிடம் சொன்னார். மகள் எனக்குச் சொன்னாள். மேல்மாடியில் படுத்த படுக்கையாகக் கிடக்கிறார் வீட்டுக்காரர், ஃபைபாவின் தம்பி. அவரை ஒரு இல்லத்தில் விட்டுவிட்டு வீட்டை விற்பதுதான் மகன்மாரின் திட்டம். ஃபைபா அவர்கள் கொடுத்ததை எல்லாம் வாங்கி விற்று, குசினியில் மிச்சம் பிடித்து, தம்பியைப் பார்க்கத் தாதி வைத்திருந்தார். கடைசிக் காட்சியில் மகன்மார் அலுமாரியை உடைக்கிறார்கள். உள்ளே மடித்த பிளாஸ்டிக் பைகளைத் தவிர ஒன்றும் இல்லை. அவர் இருந்த விரதம் ஒன்றும் விரதம் இல்லை.

"அதெல்லாம் எப்ப வந்தது?" என்று கேட்டேன்.

"இடைவேளைக்குப் பிறகாம்."

நான் வெண்டிக்காயும் கையுமாக நின்றேன். கடைக்காரத் தம்பி, "அன்ரி, முறிச்சதெல்லாம் நீங்கள்தான் கொண்டுபோகவேணும்" என்றார். கொண்டுபோனேன். மகளை நேரே மனோர் பார்க்குக்குக் காரை விடச் சொன்னேன்.

அண்ணைதான் கதவைத் திறந்தார். மெலிந்து தோள் இறங்கிப் போயிருந்தது.

"வா பிள்ளை. என்ன கையிலை?"

"வெண்டிக்காய்."

"முறிச்சுப் பாத்தனியோ?"

எனக்குச் சிரிப்பு வரவில்லை. செருப்பும் கழற்றாமல் கேட்டேன். "அண்ணை, இன்னும் பாதி இருக்குது எண்டு ஏன் எனக்குச் சொல்லேல்லை?"

"நீதானே பாதியிலை எழும்பிப் போனனீ."

"சாப்பாடு தந்தினம். முடிஞ்சுது எண்டு நினைச்சன்."

அவர் என்னை உற்றுப் பார்த்தார். "அப்ப நீ கோவிச்சுக்கொண்டு போகேல்லையோ?"

"கோவம்தான். கோவத்தோடைதான் சாப்பிட்டனான்."

"எத்தினை வடை?"

"ரெண்டு."

சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். இருமல் வந்தும் நிற்கவில்லை. நானும் சிரித்தேன். அந்த ஆறு வருடமும் அவர், நான் நாடகத்தை நடுவில் விட்டு அவரை அவமானப்படுத்திப் போனேன் என்று நினைத்துக்கொண்டு இருந்திருக்கிறார். நான் நினைத்ததை ஏற்கெனவே எழுதிவிட்டேன்.

"நான் டெலிபோனிலை வீட்டுக்கதை எடுத்தபோதெண்டாலும் சொல்லியிருக்கலாம், கடைசியிலை அவ நல்ல மனிசியெண்டு."

"எப்பிடிச் சொல்லுறது? முதல் பாதியும் நீதானே. அதை இல்லையெண்டு சொன்னால் பொய்." வெண்டிக்காய்ப் பையைத் திறந்து பார்த்தார். "நீ விரதமெண்டு சொன்ன நாளெல்லாம் எனக்குத் தெரியும் பிள்ளை. ஒரு நாள் பானையைத் திறந்து பாத்தனான். அண்டையிலையிருந்து எனக்குச் சோறு இறங்கினதில்லை. ஆனால் இறக்கினன். இறக்காட்டில் நீ விரதம் இருந்தது வீணாப்போம்."

எனக்கு அங்கே நிற்க முடியவில்லை. குசினிக்குள் போய் வெண்டிக்காயைக் கழுவினேன். கழுவினதையே திரும்பவும் கழுவினேன்.

வெளிக்கிடும்போது சொன்னேன், "அண்ணை, நான் பிழையாய்ச் சொன்னன் எண்டு சனத்துக்கு நானே சொல்லுறன்."

"நீதான் சொல்லவேணும். நான் சொன்னால் ஒருத்தரும் நம்பாயினம்."

வாக்குக் கொடுத்தேன். இந்த வாக்கைத்தான் நான் காப்பாற்றவில்லை. என் பேத்தியின் அரங்கேற்றத்தில் சொல்ல நினைத்தேன். மேடைக்குக் கிட்டப் போய்ப் பூமாலையை மட்டும் கொடுத்துவிட்டு வந்தேன். அண்ணையின் எண்பதாவது பிறந்தநாளுக்கு எழும்பி நின்றேன். எல்லோரும் என்னைப் பார்த்தீர்கள். "எல்லாரும் வடிவாய்ச் சாப்பிடுங்கோ" என்று சொல்லிவிட்டு இருந்துவிட்டேன். என் வாயால் ஒரு நாளும் பிழை என்று வந்ததில்லை. அந்தப் பழக்கம் இந்த வயதில் மாறவில்லை. மேசைக்கு அந்தப் பக்கம் அண்ணை கேக்கைச் சாப்பிட்டுக்கொண்டு இருந்தார்.

பிறகு நெஞ்சு வருத்தம். ஆஸ்பத்திரியில் பதினாறு நாள். நான் ஒவ்வொரு நாளும் போனேன். ஒரு பின்நேரம் கண்ணைத் திறந்து என்னைப் பார்த்துக் கேட்டார், "என்ன பிள்ளை, இடைவேளை இன்னும் முடியேல்லையோ?"

"சுகமாகி வாங்கோ. வந்த கையோடை சொல்லுறன்."

"ஓம்" என்றார். அவர் வரவில்லை.

இறுதிக்கிரியைக்கு ஹன்சாபெனும் நாடகக்காரர்களும் வெள்ளை உடுத்துப் பதினைந்து பேர் வந்தார்கள். பின்னுக்கு நின்றார்கள். கதிரை இருந்தும் ஒருவரும் விலகி இடம் கொடுக்கவில்லை. உங்களுக்கு அவர்கள் யார் என்று சொல்லி வைத்தவள் நான். அஞ்சலி உரைகள் முடிகிற நேரம் ஹன்சாபென் ஒரு தாளை வைத்துக்கொண்டு முன்னுக்கு வந்தார். ஒழுங்கு செய்தவர், "நேரம் போட்டுது" என்று மைக்கை வாங்கிவிட்டார். ஹன்சாபென் தாளை மடித்தார். நான் முன் வரிசையில், மூன்றடி தூரத்தில் இருந்தேன். "அவவைப் பேச விடுங்கோ" என்று மூன்று சொல் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. முப்பத்தோராம் நாள் அச்சடித்த நினைவுப் புத்தகமான கல்வெட்டில் நாடகம் என்ற சொல்லே வராமல் பார்த்துக்கொண்டதும் நான்தான்.

போன மாதம் மகளைக் கூட்டிக்கொண்டு ஹன்சாபெனின் வீட்டுக்குப் போனேன். கதவைத் திறந்து, "வா பிள்ளை" என்றார், தமிழில். அண்ணை கூப்பிடுகிறதைக் கேட்டு அதுதான் என் பெயர் என்று இவ்வளவு காலமும் நினைத்திருந்திருக்கிறார். நாடகத்தை வீடியோ எடுத்தார்களா என்று கேட்டேன். இல்லையாம். அப்படியென்றால் மிச்சப் பாதியை நான் இனி எங்கும் பார்க்க முடியாது.

தட்டைத் தள்ளுகிற இடத்தில் அண்ணை, நாடகத்தில் எழுதியிருந்ததைவிடக் கூட நேரம் நிற்பாராம். ஹன்சாபென் ஏசினாராம். "வடிவாய்ச் சிரிக்கட்டும். இப்ப வடிவாய்ச் சிரிச்சால்தான் பிறகு அவையளுக்கு வெட்கம் வரும்" என்று அண்ணை சொன்னாராம். முதல் நாள் நாடகம் முடிந்து சபை எழும்பி நின்றபோது, முன் வரிசையில் பன்னிரண்டு கதிரை வெறுமையாக இருந்ததாம். அண்ணை மற்றச் சனத்துக்குக் கும்பிடு போடாமல் அந்தக் கதிரைகளையே பார்த்துக்கொண்டு நின்றாராம்.

இதைக் கேட்ட நாளில் இருந்து எனக்கு ஓரிடத்தில் இருப்புக் கொள்ளவில்லை. அதனால் தெளிவாக எழுதுகிறேன். அண்ணை சொத்துக்கு ஆசைப்படவில்லை. தனக்கு வரவேண்டிய வளவை எனக்குத் தந்தவர் அவர். அவர் குடும்பத்தைக் கேலி செய்யவில்லை. நான் உங்களுக்குச் சொன்ன கதை பிழை. ஊர் வீட்டை நான் விற்கவில்லை. அதற்கு மேல் அதைப் பற்றி ஒருவரும் என்னிடம் கேட்கவேண்டாம்.

அண்ணையை ஆஸ்பத்திரியில் பார்த்த டாக்டர்மாருக்கும் தாதிமாருக்கும், கிரியைகளை நடத்திய குருக்களுக்கும், எட்டு நாளும் சமைத்துக் கொண்டுவந்த வீடுகளுக்கும், மழையில் பெட்டி தூக்கியவர்களுக்கும், தூர நாடுகளில் இருந்து டெலிபோன் எடுத்தவர்களுக்கும், இந்த மலரை அச்சேற்றிய அண்ணையின் மகனுக்கும் என் கையெடுத்த கும்பிடு. அண்ணையின் மகனே, உன் கல்யாணத்தில் நான் நிற்காத இடத்துக்கு நன்றியும் சொல்ல முடியாது, மன்னிப்பும் காணாது. அது தெரிந்துதான் எழுதுகிறேன்.

இந்த மலர் உங்கள் கைக்கு வருகிற இன்று, திவசக் கிரியை முடிந்ததும் ஹன்சாபென் பேசுவார். அந்தத் தாளை இன்னும் வைத்திருக்கிறார். குஜராத்தியில்தான் பேசுவார். மொழிபெயர்க்கத் தேவையில்லை என்று நான் சொல்லிவிட்டேன். அண்ணை அவர்களோடு இருந்த பாஷை எப்படி இருக்கும் என்று ஒரு தரம் கேளுங்கள். எவ்வளவு நேரம் என்று நான் கேட்கவில்லை. சோறு ஆறினால் ஆறட்டும். முன் வரிசையில் என் பக்கத்துக் கதிரை அவருடையது. நேரம் போகிறது என்று மைக்கை வாங்க வருகிறவர், முதலில் என்னைத் தாண்டி வரவேண்டும்.